சார்ஜனுக்கு இரண்டாவது குளிசை

இரண்டாவது குளிசை கொடுத்து நாற்பத்தொரு மணித்தியாலம் ஆகியிருந்தது. மணற்பெட்டியில் ஒன்றும் இல்லை.

கனகாம்பிகை ஈர்க்கினால் மணலை இன்னொரு முறை கிளறிப் பார்த்தாள். முந்தாநாள் பின்னேரம் ஒழுங்கையில் அள்ளி வந்து, கல் பொறுக்கி, சமமாகப் பரப்பி வைத்த மணல். வைத்தபடியே கிடந்தது. மேலே ஒரு கோழியின் காலடையாளம் மட்டும் புதிதாக இருந்தது.

பூனையின் வயிற்றில் இனிப் பூச்சி இல்லாமல் இருக்கலாம். பூச்சி இருந்தும் மருந்து வேலை செய்யாமல் இருக்கலாம். பூனை இந்தப் பெட்டிப் பக்கமே வராமலும் இருக்கலாம். மூன்றுக்கும் மணல் ஒரேமாதிரித்தான் இருக்கும். பல்கலைக்கழகத்தில் என்றால் கண்ணாடித் துண்டில் சிறிது தடவி, நுணுக்குக்காட்டியின் கீழ் வைத்து, முட்டை இருக்கிறதா என்று பார்த்துச் சொல்லிவிடலாம். பண்டத்தரிப்பில் அவளிடம் ஒரு ஈர்க்கும் இரண்டு கண்ணும்தான் இருந்தன.

பின்னேரம் ஐந்து மணிக்கு அம்மாவுக்குப் பதில் சொல்ல வேண்டும்.

ஒரு பூனையின் வயிற்றுக்காக ஒரு வீடே காத்திருப்பது ஏன் என்று இந்த வாரம் கதைக்குப் புதிதாக வந்து சேர்ந்தவர்கள் கேட்கலாம். காத்திருப்பது பூனைக்காக அல்ல. கனகாம்பிகையின் அக்கா பத்மாவதியின் மகன் நகுலனுக்காக.

நகுலனுக்கு மூன்று வயது முடிந்துவிட்டது. கை கால் மெலிந்து வயிறு மட்டும் முன்னால் வந்திருந்தது. நித்திரையில் பல்லை நெருமினான். ஒருநாள் காலையில் பத்மாவதி தன் கண்ணாலேயே பூச்சியைக் கண்டாள். ஆஸ்பத்திரி டொக்டர் ஒரு போத்தல் பாணி மருந்து கொடுத்தார். அந்தப் போத்தலை அவளுடைய அம்மா தங்கமுத்து கையில் வாங்கினாள். யன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். பிறகு அலுமாரிக்குள் வைத்துப் பூட்டித் திறப்பை இடுப்பில் செருகிக்கொண்டாள். மூன்று கிழமைக்கு மேலாகிறது. போத்தல் இன்னும் அங்கேதான் இருக்கிறது.

தங்கமுத்து மருந்துக்கு எதிரி அல்ல. ஒரு தும்மலுக்கே பிள்ளையைத் தூக்கிக்கொண்டு டொக்டரிடம் ஓடுகிறவள். மூன்று பெற்றவள். மூத்தவனை, புருஷன் றெயில்வேயில் வேலை பார்த்த காலத்தில், நாவலப்பிட்டியில் காய்ச்சலுக்குப் பறிகொடுத்தவள். பிறகு பிறந்த பெண்கள் இருவரையும் ஊசியும் மருந்துமாகத்தான் வளர்த்தாள். அப்படிப்பட்டவள் பூச்சி மருந்து என்றதும் கையை இறுக மூடிக்கொண்டாள். ஏன் என்று கேட்டவர்களுக்குப் பூனையைக் காட்டினாள்.

"எல்லாம் உந்தப் பூனையாலை வந்தது. முதல் அதுக்குக் குடுங்கோ. அதுக்கு என்ன நடக்குது எண்டு பாத்துத்தான் பிள்ளைக்கு."

பூனை பத்மாவதியின் மாப்பிள்ளையுடையது. சங்கக்கடை மனேச்சர் தியாகராசா இந்தச் சீதன வீட்டுக்கு வந்தபோது ஒரு சைக்கிளும் ஒரு றேடியோவும் ஒரு பூனையும் கொண்டுவந்தான். முன்காலில் மூன்று கறுப்புக் கோடு இருந்தபடியால் அதற்குச் சார்ஜன் என்று பெயர் வைத்திருந்தான். மாமியின் நிபந்தனையைக் கேட்டு அவன் சிரித்தான்.

"சரி மாமி. சார்ஜன் பட்டாளத்து ஆள். அவர் முன்னுக்குப் போகட்டும். ராசகுமாரன் பின்னாலை வரட்டும்."

பூனையின் பூச்சி வேறு சாதி, பிள்ளையின் பூச்சி வேறு சாதி, பிள்ளைக்கு வந்ததுக்குப் பூனையில் பழி போடமுடியாது என்று சொல்லக் கனகாம்பிகை வாயெடுத்தாள். அவள் வசனத்தை ஒழுங்குபடுத்தி முடிப்பதற்குள் எல்லாரும் எழும்பிப் போய்விட்டார்கள். பேசவேண்டிய இடத்தில் அவளுக்கு எப்போதும் ஒரு நிமிடம் சுணங்கும்.

மிருக வைத்தியர் இரண்டு குளிசை கொடுத்தார். முதலாவது போட்ட மறுநாள் ஏழெட்டுப் பூச்சி இடியப்ப இழை போல வந்து விழுந்தது. பூனை ஒருமுறை சத்தி எடுத்துவிட்டுச் சுருண்டு படுத்தது. அன்றைக்குத் தங்கமுத்து குசினி வாசலில் மர வாங்கைப் போட்டு இருந்துகொண்டு, சமையலையும் மறந்து, அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். பின்னேரம் அது எழும்பிச் சோம்பல் முறித்தது. திறப்பு வரும் என்று எல்லாரும் நினைத்தார்கள்.

"இன்னொரு குளிசை இருக்கெல்லோ," என்றாள் தங்கமுத்து. "அதையும் குடுத்து ரெண்டு நாள் பொறுப்பம்."

இரண்டு கிழமை கழித்துக் கொடுக்கவேண்டிய அந்த இரண்டாவது குளிசை கந்தசஷ்டிக்குள் வந்து விழுந்தது.

சஷ்டி ஆறு நாளும் அந்த வீட்டில் மச்சம் இல்லை. மீன் சட்டிகளைக் கழுவி மாட்டுக்கொட்டில் பரணில் ஏற்றியாகிவிட்டது. குளிசையைத் தயிர்ச்சோற்றுக்குள் வைத்துக் கொடுத்துப் பார்த்தாள் கனகாம்பிகை. சார்ஜன் சோற்றைத் தின்றுவிட்டுக் குளிசையைத் தட்டின் கரையில் பத்திரமாக வைத்தது. பிறகு தேங்காய்ப்பூவுக்குள். அதையும் அது நம்பவில்லை.

"பக்கத்து வளவுப் பெர்னடெட் அக்காவிட்டை ஒரு மீன் தலை வாங்கி, அதுக்குள்ளை வைச்சுக் குடுக்கட்டோ அம்மா?"

"சஷ்டிக்குள்ளை இந்த வளவுக்கு மச்சம் வரப்படாது."

"வேலிப் பொட்டிலை வைச்சுக் குடுத்தா?"

தங்கமுத்து வேலியைப் பார்த்தாள்.

"தலை அங்காலை நிக்கவேணும். வால் இங்காலை நிக்கலாம்."

அப்படியே செய்தார்கள். கிடுகு வேலியில் ஆள் குனிந்து போகக்கூடிய பொட்டு ஒன்று இருந்தது. சார்ஜனின் பின்பாதி சைவ வளவில் நின்றது. முன்பாதி கத்தோலிக்கப் பெர்னடெட்டின் வளவில் பாரைத் தலையைத் தின்றது. குளிசையும் உள்ளே போனது. கனகாம்பிகை வாய்க்குள் விரலை விட்டுப் பார்த்து அதை உறுதிப்படுத்தினாள். விரலில் பல் பட்ட இடம் இன்னும் சிவந்திருந்தது.

அது முந்தாநாள் பின்னேரம் ஐந்து மணி.

"பிள்ளை," என்று குசினிக்குள் இருந்து குரல் வந்தது. "பூனை தண்ணி குடிச்சதோ?"

"தெரியேல்லை அம்மா."

"காலமை கண்டனியோ?"

"நேற்றுப் பின்னேரம் வேலியடியிலை நிண்டது. இண்டைக்கு இன்னும் காணேல்லை. எங்கையும் திரியும்."

தங்கமுத்து வாசலுக்கு வந்தாள். சஷ்டிக்குப் பாலும் பழமும்தான். நான்கு நாளில் முகம் ஒடுங்கிவிட்டது. நகுலன் அவளுடைய சேலையைப் பிடித்துக்கொண்டு பின்னால் வந்தான்.

"நேற்று எப்பிடி நிண்டது? உற்சாகமா நிண்டதோ, தூங்கி வழிஞ்சுகொண்டு நிண்டதோ?"

"பூனை மாதிரி நிண்டது."

"பகிடி விடாதை."

கனகாம்பிகை ஒன்றைக் கவனித்திருந்தாள். குளிசை கொடுத்த நேரத்தில் இருந்து அம்மா எத்தனையோ கேள்வி கேட்டுவிட்டாள். தண்ணி குடித்ததா, மூச்சு விடுகிறதா, கூப்பிட்டால் காது அசைகிறதா. பூச்சி வந்ததா என்று ஒருமுறையும் கேட்கவில்லை.

"அஞ்சு மணிக்குச் சொல்லுவன் அம்மா," என்றாள். "நீங்கள் திறப்பைத் தருவியள்தானே?"

"முதல் நீ சொல்லு."

வானம் இருட்டிக்கொண்டு வந்தது. தூறல் விழத் தொடங்கியது. வேலிக்கு அப்பால் இருந்து பெர்னடெட்டின் குரல் கேட்டது.

"கனகம்! எடி கனகம்! இஞ்சை ஒருக்கா வந்திட்டுப் போ."

பொட்டுக்குள்ளால் குனிந்து போனாள். பெர்னடெட் சுளகைத் தலையில் பிடித்துக்கொண்டு முருங்கை மரத்தடியில் நின்றாள். நாற்பது வயது. சிரிப்பதற்கு அவளுக்குக் காரணம் தேவையில்லை.

"உங்கடை பூனை வேதத்திலை சேர்ந்திட்டுது, தெரியுமோ?"

"என்னக்கா?"

"மூண்டு நாளாச் சாப்பாடு எங்கடை வீட்டிலை. படுக்கை எங்கடை வீட்டிலை. நேற்று நாங்கள் செபமாலை சொல்லேக்கையும் பக்கத்திலை இருந்தது. சூரன்போர் முடிய விடுங்கோ, தானாத் திரும்பிச் சைவமாகும்."

கனகாம்பிகைக்குச் சிரிப்பு வந்தது. கூடவே ஒரு எண்ணமும் வந்தது.

"அக்கா, அது வெளிக்குப் போறதும் இஞ்சையோ?"

"அதைச் சொல்லத்தான் கூப்பிட்டனான். நேற்று விடியக் கூட்ட வந்தன், உந்தச் சாம்பல் மேட்டிலை இருக்குது. சீ, இப்ப நினைச்சாலும் சோறு இறங்காது. வெள்ளை வெள்ளையா நெளியுது."

"எத்தினை?"

"எண்ணிப் பாக்க அது என்ன மாங்காயோ? இன்னும் கொஞ்சம் சாம்பலை அள்ளிப் போட்டு மூடிவிட்டன்."

"எடுத்துப் பாக்கட்டோ?"

பெர்னடெட் அவளை மேலும் கீழும் பார்த்தாள்.

"பி.எஸ்ஸி. படிச்சது உதுக்குத்தானோ?"

"ஓம் அக்கா. கிட்டத்தட்ட உதுதான்."

அவள் குந்தியிருந்து ஒரு தடியால் சாம்பலை விலக்கினாள். நேற்றையது காய்ந்து கிடந்தது. உள்ளே மூன்று பூச்சி. ஒவ்வொன்றும் விரல் நீளம். இரண்டு பக்கமும் கூராக, இழுத்துவிட்ட நூல் போல. தடியால் தொட்டாள். அசையவில்லை. வட்டப்புழு. அதற்குத்தான் குளிசை. நாடாப்புழு என்றால் அரிசி போலத் துண்டு துண்டாக வந்திருக்கும். அதற்கு இந்தக் குளிசை பிடிக்காது. அரிசி ஒன்றும் இல்லை.

"இண்டைக்கு இருந்ததோ அக்கா?"

"அங்கை, கரையிலை பார். விடியப்புறம் இருந்திருக்கவேணும்."

இன்றையதையும் பிரித்துப் பார்த்தாள். இறுக்கமாக, ஒழுங்காக இருந்தது. பூச்சி இல்லை. முதல் நாள் வந்தது, அடுத்த நாள் வரவில்லை. முதற் குளிசைக்கு ஏழெட்டு, இரண்டாவதுக்கு மூன்று. குட்டியாக இருந்து முதல் மருந்துக்குத் தப்பியவை வளர்ந்து இரண்டாவது மருந்துக்கு அகப்பட்டிருக்கின்றன. புத்தகத்தில் போட்டபடி நடந்திருந்தது. இனி இரண்டு கிழமை கழித்து ஒருமுறை பார்த்தால் போதும்.

செய்முறைப் பரீட்சையில் விடை சரியாக வரும்போது உண்டாகும் அமைதி அவளுக்கு உண்டானது. தடியை எறிந்துவிட்டுக் கையைச் சாம்பலால் தேய்த்துக் கழுவினாள்.

"ஆனா ஒண்டு," என்றாள் பெர்னடெட். "இண்டைக்கு வைச்ச சூடை மீன் தலை அப்பிடியே கிடக்குது. காகம்தான் இழுக்குது. ஆளைக் காணேல்லை."

கனகாம்பிகை அதைக் கேட்டாள். மனதில் வாங்கவில்லை.

மத்தியானம் தியாகராசா சைக்கிளில் நனைந்து வந்தான். துவாயால் தலையைத் துடைத்துக்கொண்டு தட்டின் முன்னால் இருந்தான்.

"கத்தரிக்காயோ மாமி?"

"ஓம் தம்பி. பால்கறி. பொரியலும் கிடக்கு."

"பொரியலும் கத்தரிக்காயோ?"

"ஓம்."

"சூரனுக்கு ஆறு நாள்தான் சண்டை. எனக்கும் கத்தரிக்காய்க்கும் எப்ப முடியுமோ தெரியேல்லை."

நகுலன் தகப்பனின் மடியில் ஏறி இருந்தான். ஒரு வாய் வாங்கினான். இரண்டாவதை வேண்டாம் என்று தலையைத் திருப்பினான். தியாகராசா அவன் சட்டையைத் தூக்கி வயிற்றைப் பார்த்தான். பகிடி நின்றது. பிடிவாதமாக ஒரு உருண்டையைத் திரட்டி மகனின் வாயருகே பிடித்துக்கொண்டிருந்தான். அவன் திறக்கவில்லை.

"அத்தான்," என்றாள் கனகாம்பிகை. "மருந்து வேலை செய்திருக்குது."

"சார்ஜனுக்கோ?"

"ஓம். பெர்னடெட் அக்கான்ரை வளவிலை கண்டன். நேற்று வந்திருக்குது. இண்டைக்கு இல்லை."

"பாத்தியளோ மாமி! நான் நேற்றே சொன்னனான். முதல் குளிசைக்கு முதல் சங்கக்கடைத் தராசிலை வைச்சன், அஞ்சே முக்கால் இறாத்தல். நேற்று வைச்சன், ஆறேகால். சீனிச் சாக்குக்குள்ளை போட்டுத் தூக்க, வரிசையிலை நிண்ட ஆழ்வாப்பிள்ளை அண்ணை கேக்கிறார், 'தம்பி, உந்த இறைச்சி கூப்பனுக்கோ, காசுக்கோ?' எண்டு."

அவன் ஒருவன்தான் சிரித்தான். தங்கமுத்து அகப்பையோடு நின்றாள்.

"பூச்சி வந்ததோ?" என்று கேட்டாள். முதல் தடவையாகக் கேட்டாள்.

"ஓம் அம்மா. மூண்டு. இப்ப செத்துக் கிடக்குது."

"எப்ப?"

"நேற்று விடிய."

"பூனை எங்கை?"

"அது எங்கையும்—"

"எங்கை எண்டு கேக்கிறன்."

தியாகராசா நிமிர்ந்து பார்த்தான். மாமி அவன் முன்னால் குரலை உயர்த்தியதில்லை.

"பெர்னடெட் அக்கா வைச்ச தலையை இண்டைக்குத் தின்னேல்லையாம்," என்று கனகாம்பிகை சொன்னாள். சொல்லியிருக்கத் தேவையில்லை என்று சொன்ன பிறகுதான் தெரிந்தது.

தங்கமுத்து அகப்பையைக் கறிச் சட்டிக்குள் போட்டாள். கையைச் சேலையில் துடைத்தாள். மழைக்குள் இறங்கிப் போனாள்.

"மாமி! குடையைக் கொண்டு போங்கோ! இதென்ன, பூனைதானே!"

கனகாம்பிகை குடையோடு பின்னால் ஓடினாள். அம்மா மாட்டுக்கொட்டிலுக்குள் நின்றாள். தொட்டிக்குக் கீழே பார்த்தாள். விறகுக் குவியலைக் கையால் விலக்கிப் பார்த்தாள். கிணற்றடிக்குப் போய்ச் சுற்றுக்கட்டில் கையூன்றிக் கீழே எட்டிப் பார்த்தாள். வைக்கோல் போரைச் சுற்றி வந்தாள். நான்கு நாள் பாலிலும் பழத்திலும் இருந்த உடம்பு. இரண்டு இடத்தில் தடுமாறியது. கனகாம்பிகை பிடிக்கப் போனாள். கையைத் தட்டிவிட்டாள்.

"அம்மா, பூனை ஒரு நாளைக்குப் பதினாறு மணித்தியாலம் நித்திரை கொள்ளும். மழைக்கு எங்கையாவது படுத்திருக்கும்."

"எங்கை படுத்திருக்கும்?"

"ஈரமில்லாத இடத்திலை."

தங்கமுத்து வெங்காயக் கொட்டிலைப் பார்த்தாள். வளவின் பின்மூலையில், பனைமட்டை அடைத்த சின்னக் கொட்டில். உள்ளே விதை வெங்காயம் பிடி பிடியாகக் கட்டித் தொங்கியது. மேலே ஒரு பரண். பரணில் பழைய சாக்கு அடுக்கியிருந்தது. சாக்கின் கரையால் ஒரு வால் நுனி கீழே தொங்கிக்கொண்டிருந்தது.

"சார்ஜன்," என்று கூப்பிட்டாள் கனகாம்பிகை.

வால் அசையவில்லை.

தங்கமுத்துவின் வாயில் இருந்து சத்தம் ஒன்று வந்தது. சொல் இல்லை. சுவரில் சாய்த்திருந்த ஏணியை இழுத்துப் பரணில் போட்டாள். கனகாம்பிகை ஏணியின் கால்களைப் பிடித்துக்கொண்டாள். வேறு என்ன செய்வது என்று அவளுக்குத் தெரியவில்லை. ஐம்பத்தைந்து வயதுப் பெண் ஈரச் சேலையோடு நான்கு படி ஏறினாள். கையை நீட்டினாள்.

கீழே இருந்து பார்த்தபோது கை மட்டும்தான் தெரிந்தது. அம்மா பூனையை உலுப்பவில்லை, கூப்பிடவும் இல்லை. உள்ளங்கையை அதன் விலாவின் மேல் வைத்தாள். வைத்தபடி இருந்தாள். ஓலையில் மழை விழும் சத்தம் கேட்டது.

கை மெல்ல மேலே வந்தது. மெல்லக் கீழே போனது. திரும்ப மேலே வந்தது.

சார்ஜன் ஒரு கண்ணைத் திறந்து பார்த்தது. வாயை அகலத் திறந்து கொட்டாவி விட்டது. அதன் பக்கத்தில் ஒரு எலியின் வாலும் இரண்டு பின்னங்காலும் கிடந்தன. மற்றதெல்லாம் உள்ளே போய்விட்டது. சூடைத் தலை ஏன் தீண்டாமல் கிடந்தது என்பது கனகாம்பிகைக்கு விளங்கியது. எலி தின்றால் நாடாப்புழு வரலாம் என்பதும் அதே நேரத்தில் நினைவுக்கு வந்தது. அதை இப்போது சொல்லவில்லை.

தங்கமுத்து இறங்கினாள். கடைசிப் படியிலேயே இருந்துவிட்டாள். முகம் முழுக்கத் தண்ணீர். எல்லாம் மழைத் தண்ணீர் என்று சொல்வதற்கில்லை.

பூனை குதித்து இறங்கி, நனைந்த முற்றத்தை ஒருமுறை பார்த்துவிட்டு, திரும்ப உள்ளே வந்து சாக்கொன்றின் மேல் ஏறிப் படுத்தது.

கனகாம்பிகைக்குக் கோபம் வந்தது. அவளுக்குக் கோபம் வருவது குறைவு. வந்தால் வசனம் சுணங்காது.

"அம்மா, பூச்சி வந்தா மருந்து வேலை செய்யுது எண்டு அருத்தம். வயிறு வத்தினா, நிறை கூடினா வேலை செய்யுது எண்டு அருத்தம். எல்லாம் நடந்திட்டுது. இனி என்னத்தைக் காட்டவேணும் உங்களுக்கு? அங்கை பிள்ளை ரெண்டு வாய் சோறு தின்னேலாமல் இருக்குது. அஞ்சு மணி வரைக்கும் பாக்கத் தேவையில்லை. திறப்பைத் தாங்கோ."

தங்கமுத்துவின் கை இடுப்புக்குப் போனது. திறப்பின் மேல் நின்றது.

"பிள்ளை."

"என்ன?"

"பூச்சி வந்தாப் பிறகு எவ்வளவு நேரம் பொறுத்தாத் தப்பீட்டுது எண்டு சொல்லலாம்?"

"என்ன தப்பீட்டுது?"

"உசிர்."

கனகாம்பிகை விளங்காமல் பார்த்தாள். தெரிந்ததைச் சொன்னாள்.

"இந்த மருந்து பூச்சியை மயக்கும் அம்மா. பிடி விட்டு வெளியிலை வந்திடும். அளவாக் குடுத்தா, குடிச்சவருக்கு ஒண்டும் செய்யாது. டொக்டர் நிறை பாத்துத்தான் அளவு எழுதினவர்."

"உப்பிடித்தான் அதுக்கும் சொன்னவை."

"எதுக்கு?"

கொட்டிலுக்கு வெளியே தியாகராசாவின் குரல் கேட்டது. "பூனை கிடைச்சதோ?" என்று கேட்டான். கனகாம்பிகை தலையை நீட்டி ஓம் என்றாள். அவன் மகனைத் தோளில் தூக்கிக்கொண்டு உள்ளே போனான்.

தங்கமுத்து அவர்கள் போவதைப் பார்த்தாள். பிள்ளையின் கால் இரண்டும் தகப்பனின் நெஞ்சில் ஆடிக்கொண்டு போயின.

"கொண்ணைக்குக் காய்ச்சல் வரேல்லை," என்றாள்.

கனகாம்பிகைக்கு யாரைச் சொல்கிறாள் என்று விளங்கச் சற்று நேரம் எடுத்தது. பரமலிங்கம் அண்ணை. நாவலப்பிட்டியில் காய்ச்சலில் போனவர். வீட்டில் அந்த ஒரு வசனம்தான் உண்டு. அதற்கு மேல் ஒருவரும் கேட்டதில்லை.

"காய்ச்சல் எண்டுதானே அம்மா—"

"கொப்பர்தான் அப்பிடிச் சொல்லுவம் எண்டவர். ஊரிலை கேட்டா என்னைத்தான் பேசுவினம் எண்டு. அந்த மனிசன் சாகுமட்டும் வேறை சொல்லேல்லை. நானும் சொல்லேல்லை. கொக்கா பத்மாவதிக்கும் தெரியாது."

அம்மாவின் குரலில் அழுகை இல்லை. சந்தைக்குப் போய்வந்த கதையைச் சொல்வதுபோலச் சொன்னாள்.

"மூண்டு வயசு. உவன்ரை வயசுதான். உவனைப் போலத்தான் வயிறு. ஆரோ நல்லது எண்டு சொல்லி ஒரு பூச்சி எண்ணெய் வாங்கிக் குடுத்தம். விடியப் பூச்சி வந்தது. நான் ஒரு சிரட்டையிலை எடுத்துக் கொப்பருக்குக் காட்டினன். மருந்து நல்லா வேலை செய்யுது எண்டு சந்தோஷப்பட்டு அவர் ஸ்டேஷனுக்குப் போனவர். பக்கத்து லயினிலை இருந்த சனமும் வந்து பாத்துப்போட்டு அதைத்தான் சொன்னதுகள்."

"பிறகு?"

"பிறகு அவன் படுத்திட்டான். களைப்பாக்கும், நித்திரை கொள்ளட்டும் எண்டு நான் எழுப்பேல்லை. சத்தம் போடாதேங்கோ எண்டு பக்கத்து வீட்டுப் பிள்ளையளையும் கலைச்சுவிட்டன். சமைச்சன். உடுப்புத் தோய்ச்சன்."

தங்கமுத்து உள்ளங்கையை விரித்து அதையே பார்த்தாள்.

"பின்னேரம் கொப்பர் வந்துதான் தொட்டுப் பாத்தவர். அவன் காலமையே செத்துப் போனான், பிள்ளை."